கூலிச் சண்டையை ஆள் சண்டையா மாத்தாதீங்க

நடவு சீசன் வந்தா போதும், டெல்டா வாட்ஸப் குரூப்புகள்ல அந்த வீடியோவும் வந்துடும். சேத்து வயல்ல வரிசையா குனிஞ்சு நாத்து நடுற மேற்கு வங்காளத்து ஆளுங்க. நடவு வேகமாத்தான் நடக்குது, சுத்தமாவும் இருக்குது. அதை யாரும் பேசறதில்ல. இன்னும் கொஞ்ச வருஷத்துல ஊரே அவங்க கைக்குப் போயிடும், வயலும் போச்சு, அடுத்தது வீடு, அடுத்தது ஓட்டுனு வீடியோவுக்குக் கீழ எழுதுறாங்க. எங்க காரைக்கால்ல திருநள்ளாறு, நெடுங்காடு, அம்பகரத்தூர் பக்கம் மட்டும்னு இல்ல, தஞ்சாவூர், திருவாரூர், நாகப்பட்டினம், மயிலாடுதுறை எல்லா எடத்துலயும் இதே பேச்சுதான். திருப்பூர் பனியன் கம்பெனியிலயும் ஸ்ரீபெரும்புதூர் லைன் வீடுகள்லயும் ரொம்ப நாளா இருந்த பேச்சு இப்ப கடைமடை வரைக்கும் வந்துடுச்சு. இதைப் படிக்கிறப்பெல்லாம் எனக்குக் கோவம் வருது. அதுல இருக்கிற வருத்தம் பொய்னு நான் சொல்லல. நிஜமான ஒரு வருத்தத்தைத் தப்பான ஆள் மேல கொண்டுபோய்க் கொட்டுறாங்களே, அதுதான் என் கோவம். கொஞ்சம் நீளமாத்தான் எழுதப் போறேன், பொறுமையா படிங்க.

முதல்ல அந்த வருத்தத்தையே பேசிடலாம். வெளிமாநிலத் தொழிலாளிக்கு ஆதரவா பேசுறவங்க பாதிப் பேர் இதைத் தாண்டிப் போயிடறாங்க. நடவுங்கிறது இந்தப் பக்கத்துப் பொம்பளைங்களோட வேலை. அதுலயும் பெரும்பாலும் நிலம் இல்லாத தலித் குடும்பங்களோட வேலை. நாத்து பறிக்கிறது, முடி கட்டுறது, நடுறது, அப்புறம் களை எடுக்கிறது... வருஷத்துல சில வாரம்தான் இந்தக் கூலி கிடைக்கும். அந்தச் சில வாரக் கூலியில கடன் அடைப்பாங்க, பிள்ளைக்கு ஃபீஸ் கட்டுவாங்க. ஏற்கெனவே அறுவடையை மெஷின் எடுத்துக்கிச்சு. நேரடி விதைப்புல நாத்தாங்காலே கிடையாது. மிச்சம் இருந்த நடவையும் ஏக்கருக்கு இவ்வளவுனு பேசி, ஆள் கூட்டிட்டு வர்ற ஒரு கங்காணி மொத்தமா எடுத்துட்டா அந்தப் பொம்பளைக்கு என்ன மிஞ்சும்? அவங்க கோவப்பட்டா அதை இனவெறினு ஒரே வார்த்தையில முடிக்கிறது அநியாயம். அது வயித்துப்பாட்டுக் கோவம். ஆனா வாட்ஸப்ல எழுதுறவங்க பெரும்பாலும் அந்தப் பொம்பளைங்க இல்ல. அவங்களுக்கு என்ன கூலி கிடைக்கணும்னு அந்த ஃபார்வேர்டுகள்ல ஒரு வரி கூட இருக்காது.

அப்ப வங்காளத்துக்காரங்க ஏன் வர்றாங்க? அங்க ஜனம் பெருத்துப் போச்சு, நம்ம பக்கம் வழியுதுனு ஒரு விளக்கம் சொல்றாங்க. தேசிய குடும்பநலக் கணக்கெடுப்பு (2019-21) என்ன சொல்லுது தெரியுமா? ஒரு பொண்ணுக்குச் சராசரியா பிறக்கிற பிள்ளைங்க தமிழ்நாட்டுல 1.8. மேற்கு வங்காளத்துல 1.6. நம்மளை விடக் குறைச்சல்! பீகார்ல 3, அது நிஜம். ஆனா நம்ம வயல்ல நிக்கிறவங்க வந்த மாநிலத்துல பிள்ளைப்பேறு நம்மளை விடக் குறைஞ்சு போச்சு. அவங்களைக் கொண்டுவர்றது கூலி வித்தியாசம்தான். ரிசர்வ் வங்கி வெளியிட்ட 2021-22 கணக்குல விவசாயக் கூலியோட நாட்டுச் சராசரி ஒரு நாளைக்கு 323 ரூபா. தமிழ்நாட்டுல 445. மத்தியப் பிரதேசத்துல 218. மாநிலத்துக்கு மாநிலம் இவ்வளவு வித்தியாசம் இருந்தா ரயில் ஏறத்தான் செய்வாங்க. இன்னொரு பக்கம் இங்க என்ன நடந்திருக்கு? 2021-22ல உயர்கல்வியில சேர்ந்தவங்க விகிதம் தமிழ்நாட்டுல 47 சதவீதம், புதுச்சேரியில 60க்கும் மேல, பீகார்ல 17தான். நடவு நட்ட அம்மாவோட பொண்ணு இன்னைக்கு நர்ஸிங் படிக்குது, பையன் பாலிடெக்னிக் போறான். அவங்க சேத்துல இறங்கல. இறங்க வேண்டாம்னுதானே ரெண்டு தலைமுறையா பாடுபட்டோம்? நூறு நாள் வேலை வந்தப்புறம் கூலி பேசுற தெம்பும் கொஞ்சம் கூடிச்சு. இதெல்லாம் நாம ஜெயிச்ச விஷயங்க. அந்த வெற்றி விட்டுட்டுப் போன காலி எடத்துலதான் இன்னொரு ஏழை வந்து நிக்கிறான்.

சரி, அவங்க வந்தா இங்க கூலி இறங்காதா? இதுதான் நியாயமான கேள்வி. கேரளாவைப் பாருங்க. அங்க 2013லயே சுமார் 25 லட்சம் வெளிமாநிலத் தொழிலாளிங்க இருக்கிறதா குலாட்டி நிதி ஆய்வு நிறுவனம் கணக்கு சொல்லிச்சு.  ஆனா அதே 2021-22 கணக்குல நாட்டுலயே அதிக விவசாயக் கூலி கேரளாவுலதான், 727 ரூபா. வெளியாள் வந்தாலே கூலி சரிஞ்சிடும்னா அங்க தரைமட்டம் ஆகியிருக்கணும். (கேரளாக்காரங்க வளைகுடா போனதால ஆள் பஞ்சம், அதான் கூலி ஏறிச்சுனு சொல்லலாம். சரிதான். அதோட அங்க சங்கங்க பலமா இருக்கு, வெளிமாநிலத்தாருக்கு உள்ளூர் ஆளை விடக் குறைச்சல் கூலிதான்ங்கிற புகாரும் இருக்கு. அதையும் மறைக்க வேண்டாம்.) அப்ப கூலியைத் தீர்மானிக்கிறது வந்தவனோட தலை எண்ணிக்கை மட்டும் இல்ல. பேரம் பேசுற பலம் யார்கிட்ட இருக்குங்கறதும்தான். வந்தவனைத் தனியா ஒரு விலைக்கும் இருக்கிறவனைத் தனியா ஒரு விலைக்கும் வாங்க முடிஞ்சா ரெண்டு பேரும் தோத்துடுவாங்க.

இதை டெல்டாவுக்கு யாரும் புதுசா சொல்லித் தர வேண்டியதில்ல. நமக்குப் பக்கத்துலயே கீழ்வெண்மணி இருக்கு. 1968, டிசம்பர் 25. குடிசைக்குள்ள அடைச்சுக் கொளுத்தி 44 பேர் செத்தாங்க, பெரும்பாலும் பொம்பளைங்களும் பிள்ளைங்களும். அரைப்படி நெல்லு கூலி கூடக் கேட்ட சண்டைனுதான் பொதுவா சொல்லுவோம். அந்தச் சண்டையோட இன்னொரு பாதி மறந்து போச்சு. உள்ளூர் ஆள் கூலி கூடக் கேட்டப்ப, மிராசுதாருங்க அறுவடைக்கு அசலூர் ஆளைக் கொண்டு வந்தாங்க. அந்த வருஷங்கள்ல கீழத் தஞ்சையில சண்டை மூண்ட பல எடங்கள்ல வெளியாள் பிரச்சினை இருந்துச்சு. அந்த வெளியாள் யாரு? ஹிந்தி பேசினவனா? பெங்காலி பேசினவனா? நாலு ஊர் தள்ளி இருந்த தமிழன். அவனும் கூலிக்காரன்தான். அவனோட பாஷை, சாமி, சாப்பாடு எதுவும் வேற இல்ல. அப்பவும் அவன் வெளியாள்தான், ஏன்னா அவனைக் காட்டித்தான் உள்ளூர்க்காரனோட கூலியை அமுக்கினாங்க. அதுக்கப்புறம் 1969ல கீழத் தஞ்சைக்குனு நியாயக் கூலிச் சட்டம் வந்துச்சு. யார் அறுத்தாலும் இவ்வளவுனு கூலியை எழுதி வச்சாதான் சண்டை தணியும்னு அரசாங்கத்துக்கே அன்னைக்குப் புரிஞ்சது. அம்பத்தஞ்சு வருஷத்துக்கு மேல ஆச்சு, இப்ப நாம திரும்பவும் ஆள் யாருங்கிற கேள்விக்கே போயிட்டோம்.

காரைக்காலுக்கு இதுல இன்னொரு கணக்கும் இருக்கு. இந்தக் கரையிலிருந்துதான் நம்ம ஆளுங்களை வெளியாளா கப்பல் ஏத்தினாங்க. பிரெஞ்சுக்காரங்க 1848ல தங்களோட காலனிகள்ல அடிமை முறையை ஒழிச்சாங்க. மார்த்தினிக், குவாதலூப் தீவுகள்ல விடுதலையான கறுப்பின மக்கள் கரும்புத் தோட்டத்துக்குப் போக நல்ல கூலி கேட்டாங்க. முதலாளிங்களுக்கு அது பிடிக்கல. 1853ல மார்த்தினிக்குக்கும் 1854ல குவாதலூப்புக்கும் இந்தியக் கூலிகளைக் கொண்டுபோக ஆரம்பிச்சாங்க. புதுச்சேரியும் காரைக்காலும்தான் வாசல். 1861ல பிரிட்டிஷ்காரங்களோட போட்ட ஒப்பந்தத்துக்கப்புறம் தஞ்சாவூர் ஜில்லா மாதிரி பிரிட்டிஷ் பகுதியில இருந்தும் இந்தத் துறைமுகங்க வழியா ஆள் எடுக்க முடிஞ்சது. குவாதலூப்புக்கு மட்டும் 42,000 பேருக்கு மேல. மார்த்தினிக்குக்கு சுமார் 25,000. ரியூனியனுக்கு லட்சத்தைத் தாண்டும். அஞ்சு வருஷ ஒப்பந்தம். அங்க இறங்கினப்ப அவங்களைக் கைகூப்பி வரவேத்தாங்களா? இல்ல. நேத்து வரைக்கும் அடிமையா இருந்து இப்பதான் முதுகு நிமிந்த ஜனம், தன் கூலியை உடைக்க வந்தவன்னுதான் அவங்களைப் பார்த்துச்சு. அந்த ஜனம் நினைச்சதுல பாதி சரி. அவங்க கூலியை உடைக்கத்தான் நம்ம ஆளைக் கொண்டு போனாங்க. அடிமை ஒழிப்புக்குப் போராடின விக்தோர் ஷொல்ஷேரே இந்தக் கூலி இறக்குமதியை எதிர்த்தாரு, தப்பே சொல்ல முடியாது. ஆனா தஞ்சாவூர் பஞ்சத்துல அடிபட்டு ஏறின ஒருத்தன் அந்தத் திட்டத்தைப் போடல. அவன் பசிக்குப் போனான்.

அப்புறம் குவாதலூப்ல ஆன்றி சிதம்பரம்னு ஒருத்தர், அங்கேயே பிறந்த கூலிக் குடும்பத்துப் பிள்ளை. இந்திய வம்சாவளிக்கு பிரெஞ்சுக் குடியுரிமை உண்டா, ஓட்டு உண்டாங்கிற வழக்கை 1904ல ஆரம்பிச்சாரு. 1923லதான் அது முடிஞ்சது. பத்தொன்பது வருஷம். காரைக்கால்ல பிரெஞ்சுப் பென்ஷன் வாங்கின வீடுங்க எத்தனை, பாரிஸ்ல பேரன் பேத்தி இருக்கிற வீடுங்க எத்தனை? நம்ம ஊர்க்காரங்க வேற ஊர்ல ஓட்டுக்கு நின்ன கதையெல்லாம் நமக்குப் பெருமை. அதே கேள்வியை இன்னொருத்தன் இங்க கேட்டா மட்டும் அபாயமா?

இந்த எடத்துல ஒரு மறுப்பு வரும்னு தெரியும். அது வெள்ளைக்காரன் கட்டாயப்படுத்திக் கூட்டிட்டுப் போனது, இவங்க தானா வர்றாங்க, ரெண்டும் ஒண்ணான்னு. ஒண்ணு இல்லதான். ஆனா ரங்கூனைப் பாருங்க, அங்க பெரும்பாலும் தானாத்தான் போனாங்க. 1930 மே மாசம் ரங்கூன் துறைமுகத்துல தெலுங்குத் தொழிலாளிங்க கூலி கூடக் கேட்டு வேலைநிறுத்தம் செஞ்சாங்க. கப்பல் கம்பெனிங்க பர்மிய ஆளுங்களை அந்த எடத்துல போட்டுச்சு. வேலைநிறுத்தம் முடிஞ்சதும் பர்மியர்களைப் போகச் சொல்லிட்டு இந்தியர்களைத் திரும்ப எடுத்துக்கிச்சு. அடுத்து கலவரம், நூத்துக்கும் மேல சாவு, செத்தது பெரும்பாலும் இந்தியக் கூலிங்க. ரெண்டு கூட்டத்தையும் மாத்தி மாத்தி வச்சு விளையாடின கம்பெனிக்கு ஒரு கீறலும் இல்ல. பர்மியருக்குக் கோவப்பட நிஜமான காரணமும் இருந்துச்சு, அதையும் சொல்லணும். நெல்லு விலை சரிஞ்ச பெருமந்தக் காலத்துல கீழ் பர்மாவோட 13 முக்கிய நெல் மாவட்டங்கள்ல செட்டியார்கள் கையில இருந்த நிலம் 1930ல 6 சதவீதம், 1938ல 25 சதவீதம். ஐராவதி டெல்டா விவசாயி தன் நிலத்துக்கே குத்தகைக்காரனா ஆனான். காவிரி டெல்டாவுல அப்படி நடந்தா நாம சும்மா இருப்போமா? ஆனா அடி விழுந்தது மூட்டை தூக்கினவன் முதுகுலதான். சரியான காரணத்துக்குக் கோவப்பட்டவங்க கூட தப்பான ஆளை அடிக்க முடியும்னுதான் இதைச் சொல்றேன்.

ஓட்டு விஷயத்துக்கு வர்றேன். 2025ல வாக்காளர் பட்டியல் திருத்தம் பேச்சு வந்ததுல இருந்து இந்தப் பயம் பெரிசாயிடுச்சு. திருநள்ளாறு மாதிரி முப்பதாயிரம் வாக்காளர் அளவுல இருக்கிற சின்னத் தொகுதியில சில நூறு ஓட்டே முடிவை மாத்திடும், அதனால பயம் இங்க கொஞ்சம் கூடவே இருக்கும். சட்டம் இதுல தெளிவா இருக்கு. 1950 மக்கள் பிரதிநிதித்துவச் சட்டத்தோட 19ஆம் பிரிவு, வழக்கமா எங்க குடியிருக்கியோ அங்கதான் ஓட்டுனு சொல்லுது. நடவுக்கு ஒரு மாசம் வந்துட்டுப் போறவனுக்கு இங்க ஓட்டு கிடையாது, சேர்த்திருந்தா ஆட்சேபனை கொடுக்கலாம். பத்து வருஷமா இங்கயே குடும்பத்தோட இருக்கிறவனுக்கு உண்டு. அது பட்டியலைச் சரிபார்க்கிற வேலை, அதுக்கு மேல ஒண்ணும் இல்ல. அதை இனப் பயமா ஊதினா எங்க போய் முடியும்னு இலங்கை காட்டிடுச்சு. 1947 தேர்தல்ல மலையகத் தமிழர்கள் தங்களுக்குனு நாடாளுமன்ற உறுப்பினர்களைத் தேர்ந்தெடுத்தாங்க. கண்டிச் சிங்களவருக்கு நம்ம ஊர்ல நாமே சிறுபான்மையான்னு பயம். 1948ல குடியுரிமைச் சட்டம், 1949ல ஓட்டும் போச்சு. 1964 சிறிமா-சாஸ்திரி ஒப்பந்தத்துல ரெண்டு தலைவர்கள் உட்கார்ந்து 5,25,000 பேர் இந்தியாவுக்கு, 3,00,000 பேர் இலங்கைக்கு, மிச்சம் 1,50,000 பேரை அப்புறம் பார்க்கலாம்னு பிரிச்சாங்க. அந்த ஜனத்தை யாரும் ஒரு வார்த்தை கேக்கல. மிச்சம் இருந்தவங்களுக்குக் குடியுரிமை கொடுக்கிற சட்டம் 2003லதான் வந்துச்சு. தேயிலை கிள்ளினவங்களைப் பத்திக் கண்டியில அன்னைக்குப் பேசினதும், நாத்து நடுறவங்களைப் பத்தி இங்க இப்ப எழுதுறதும் வரிக்கு வரி ஒத்துப் போகுது. அதைப் படிக்கிறப்ப எனக்கு உடம்பு கூசுது.

குற்றம் கூடிடுச்சுங்கிற பேச்சைச் சுருக்கமா முடிச்சிடறேன். குடும்பத்தை விட்டுட்டு வந்த இளவட்டம் ஒரே ரூம்ல பத்துப் பேரா அடைஞ்சு கிடந்தா அடிதடி வரும், அது எந்த பாஷைக்காரனுக்கும் பொருந்தும். தப்பு செஞ்சவன் மேல கேஸ் போடுங்க, யார் தடுத்தா? வதந்தியோட வேலைதான் பயங்கரம். 2023 ஜனவரியில திருப்பூர்ல தமிழ்த் தொழிலாளிங்களை வடமாநிலத்தார் விரட்டுற மாதிரி ஒரு வீடியோ இங்க கொதிச்சது. மார்ச்சுல தமிழ்நாட்டுல பீகாரிகளைக் கொல்றாங்கனு பொய் வீடியோக்கள் அங்க கொதிச்சது. பீகார் அரசு குழு அனுப்பிப் பார்த்துச்சு, அப்படி ஒண்ணும் நடக்கலனு தெரிஞ்சது, பரப்பினவங்க மேல வழக்கு போட்டாங்க. ரெண்டு பக்கமும் ஒரே மாதிரி பயம், ஒரே மாதிரி ஃபார்வேர்டு. 1991 டிசம்பர்ல பெங்களூருல காவிரிக் கலவரம் நடந்தப்ப அடிபட்டு ஓடி வந்தது யாரு? கட்டட வேலை செஞ்ச தமிழ்க் கூலிங்க. அவங்களுக்குக் காவிரியில ஒரு குழி நிலம் கிடையாது. நம்ம வயலுக்கு வர வேண்டிய தண்ணிக்காக அவங்க அடி வாங்கினாங்க. கடைமடைக்காரங்க இதை மறக்கலாமா?

சட்டம் போட்டு உள்ளூர் ஆளுக்கு வேலையை ஒதுக்கினா என்னனு கேப்பீங்க. ஹரியானா போட்டுப் பார்த்துச்சு, தனியார் வேலையில 75 சதவீதம். 2023 நவம்பர்ல பஞ்சாப்-ஹரியானா உயர்நீதிமன்றம் அதை ரத்து செஞ்சிடுச்சு. நாட்டுக்குள்ள எங்கயும் போய் இருக்கவும் தொழில் செய்யவும் அரசியல் சட்டத்தோட 19ஆம் பிரிவு உரிமை கொடுக்குது. இதுல ஒண்ணைப் பிரிச்சுப் பார்க்கணும். ரயில்வே, பொதுத்துறைக் கம்பெனி வேலைத் தேர்வுகள்ல தமிழ் தெரியாதவங்க கொத்தா வர்றாங்கங்கிறது வேற சண்டை. அது தேர்வு முறையைப் பத்தினது, டெல்லியோட போட வேண்டியது. அந்தச் சண்டையில எனக்கும் உடன்பாடுதான். ஆனா அந்தக் கோவத்தைச் சேத்துல நிக்கிறவன் மேல காட்டுறதுல என்ன வீரம்? சனிப்பெயர்ச்சிக்குத் திருநள்ளாறுக்கு எந்த மாநிலத்துல இருந்து ஜனம் வந்தாலும் நளதீர்த்தத்துக்கு வழி காட்டுறோம், ரூம் கொடுக்கிறோம், ஊரே அதுல பிழைக்குது. கையில காசோட வர்றவன் பக்தன், கூலிக்கு வர்றவன் அபாயம்னா அந்த வித்தியாசத்துக்கும் பாஷைக்கும் சம்பந்தமே இல்ல.

பாஷை பத்தின பயத்தை நான் லேசா எடுத்துக்கல. ஆனா பாஷையைக் காப்பாத்துறது பள்ளிக்கூடம். கேரளா 2017ல வெளிமாநிலத்தாருக்கு மலையாளம் சொல்லித் தர 'சங்ஙாதி'னு ஒரு திட்டம் வச்சிச்சு, எர்ணாகுளத்துல அவங்க பிள்ளைங்களுக்கு 'ரோஷ்ணி'னு ஒண்ணு. இங்க தங்கிட்ட குடும்பத்துப் பிள்ளையைத் தமிழ் வகுப்புல உட்கார வச்சா பத்து வருஷத்துல அது நம்ம பிள்ளை. ஊருக்கு வெளிய ஷெட்டுல ஒதுக்கி வச்சா பத்து வருஷம் கழிச்சும் வெளியாள்தான், அது அவங்க குத்தம் ஆகாது. காரைக்காலைப் பிரெஞ்சுக்காரனுக்குக் கொடுத்ததே மராட்டிய ராஜாங்க, தஞ்சாவூரை நூத்தி எழுபது வருஷத்துக்கு மேல ஆண்டவங்க. அவங்க வம்சம் இன்னைக்கு நம்மகூடத் தமிழ்லதான் பேசுது.

இப்ப கேக்க வேண்டியதைக் கேக்கலாம். 1979லயே மாநிலம் விட்டு மாநிலம் வர்ற தொழிலாளிக்குனு ஒரு சட்டம் வந்துச்சு. அஞ்சு பேரோ அதுக்கு மேலயோ கூட்டிட்டு வர்ற ஒப்பந்தக்காரர் லைசென்ஸ் எடுக்கணும், பதிவேடு வைக்கணும், ஒரே வேலைக்கு உள்ளூர் ஆளுக்குக் கொடுக்கிற கூலிக்குக் குறையக் கூடாது, வந்து போற செலவும் கொடுக்கணும்னு அது சொல்லிச்சு. 2020ல நாடாளுமன்றம் நிறைவேத்தின புதுத் தொகுப்புல அஞ்சு பேர்ங்கிறதைப் பத்தாக்கிட்டாங்க, அதையும் நாம எதிர்த்திருக்கணும். நடவுக்கு வந்த எந்தக் கும்பலோட கங்காணிகிட்ட அந்த லைசென்ஸ் இருந்துச்சு? ஏக்கருக்குப் பேசின பணத்துல நடுறவன் கைக்கு எவ்வளவு போகுது, இடையில எவ்வளவு நிக்குது? எழுதுற கோவத்துல கால் பங்கை இந்தக் கேள்விக்குச் செலவழிச்சா போதும். விவசாயிக்கும் இதுல கஷ்டம் இருக்கு, தெரியும். மேட்டூர்ல தண்ணி திறந்து அது கடைமடைக்கு வந்து சேர்றதுக்குள்ள நாத்து முத்திடும், அந்த நேரத்துல ஆள் கிடைக்கலனா அவர் யாரைக் கூப்பிடுவாரு? அவரைக் குத்தம் சொல்ல எனக்கு மனசு வரல. அதனாலதான் சொல்றேன், அடுத்த குறுவைக்கு முன்னாடி கொம்யூன் பஞ்சாயத்து விவசாயிங்களையும் நடவுப் பொம்பளைங்களையும் தொழிலாளர் துறையையும் உட்கார வச்சு நடவுக்கு ஒரு கூலி பேசணும். ஏக்கருக்குப் பேசினாலும் ஆளுக்கு இவ்வளவு குறையாம கிடைக்கணும்னு எழுதணும். உள்ளூர் குழுவுக்கு முதல் வாய்ப்பு, அதுக்கு மேல ஆள் வேணும்னா வெளிக் குழு, அதே கூலியில. கங்காணி பேரு, கூட்டிட்டு வந்த ஆளுங்க பேரு எல்லாம் பதிவுல இருக்கணும், தங்குற எடத்துல தண்ணியும் கக்கூசும் இருக்கணும். கூலித் தொகையைத் தமிழ்லயும் பெங்காலியிலயும் எழுதி வயக்காட்டுக்குப் போற வழியில பலகையா வைக்கணும், நடுறவங்களே படிச்சுக் கணக்குக் கேக்கிற மாதிரி.